நீர்ப்பை இருந்த பக்கம்

ரிப்போர்ட்டில் வலது என்று இருந்தது. அவள் கண்ணாடியைத் துடைத்துவிட்டு மறுபடி படித்தாள். இடுப்புக்குக் கீழே, வால் எலும்புக்குச் சற்று மேலே, நரம்பு வெளியே வரும் இரண்டாவது துளையில், நரம்பின் உறைக்குள் நீர் கோத்து ஒரு பை. அளவு இரண்டரை சென்டிமீட்டர். வலது பக்கம். மூன்று வாரத்துக்கு முன்னால் எடுத்த படத்தில் அதே துளை, அதே பை, ஆனால் இடது பக்கம்.

அவளுக்கு வலிப்பதும் இடது பக்கம்தான். எட்டு மாதமாக இடது புட்டத்தில் தொடங்கி, தொடையின் பின்புறமாக இறங்கி, இடது பாதத்தின் சுண்டு விரலில் போய் முடிகிற வலி. உட்கார்ந்தால் எரியும், இருமினால் வெட்டும், படுத்தால் கொஞ்சம் அடங்கும். உட்காரவே முடியாமல் போய், சாப்பாடு, டீ, வேலை எல்லாமே நின்றுகொண்டுதான். "நின்ன இடத்துலயே குடித்தனம் நடத்துறவ நீ ஒருத்திதான்" என்று கணவர் முதல் மாதம் கேலி பேசினார். இப்போது அதுவும் இல்லை.

அவளுக்கு இந்தப் பை புதிதல்ல. ஒன்பது வருடமாக எம்.ஆர்.ஐ. ஸ்கேன் எடுப்பதுதான் அவள் வேலை. நூறு முதுகு எடுத்தால் நாலைந்தில் அது இருக்கும். ரிப்போர்ட்டின் கடைசி வரியில் 'தற்செயலாகத் தென்பட்டது' என்று ஒரு வார்த்தையோடு முடித்துவிடுவார்கள். வலிக்கிறது என்று அழுதவர்களிடம் அவளே, "அது பாட்டுக்கு இருக்கும், ஒண்ணும் பண்ணாதுங்க" என்று சொல்லி அனுப்பியிருக்கிறாள். தலைவலியும் காய்ச்சலும் தனக்கு வந்தால்தான் தெரியும்.

வியாழக்கிழமை அதற்கு ஊசி. ஒரு ஊசி பையிலிருந்து நீரை எடுக்கும், இன்னொன்று காற்று போக வழி விடும், பிறகு வெறும் பைக்குள் பசையைச் செலுத்தி அடைத்துவிடுவார்கள். முதுகெலும்பு டாக்டர் எதையும் மறைக்கவில்லை. "நரம்பு அந்தப் பையோட சுவர்லயேதான் ஓடுதும்மா. ஊசி இடம் மாறிப் போச்சுன்னா கால் மரத்துடும். திரும்பி வரலாம், வராமலும் போகலாம். யோசிச்சுக் கையெழுத்துப் போடுங்க." அவள் யோசிக்கவில்லை, போட்டுவிட்டாள். இப்போதுதான் யோசனை வந்தது. எந்தப் பக்கம் என்று தெரியாமல் எந்தக் காலைப் பணயம் வைக்கிறாள்?

இரண்டாவது படத்தை எடுத்தவன் மாப்பிள்ளை. அவள் கூடவே ஒன்பது வருடமாக வேலை பார்ப்பவன். வேலையில் சேர்ந்த அன்று பட்டுச் சட்டை போட்டுக்கொண்டு வந்ததால் வந்த பெயர், பிள்ளைகள் இரண்டு பிறந்த பின்பும் போகவில்லை. போன வருடம் அவனுக்கு வரவேண்டிய தலைமைப் பொறுப்பு அவளுக்கு வந்தது. அன்று அவன்தான் முதலில் இனிப்பு கொடுத்தான். அதையே இப்போது அவள் வேறு மாதிரி நினைத்துப் பார்த்தாள்.

பாம்பின் கால் பாம்பறியும். இந்த வேலையில் ஒரு தப்பு உண்டு. முதுகு எடுக்க நோயாளியைக் கால் முதலில் உள்ளே அனுப்புவார்கள். அதற்கு முன்னால் தலை எடுத்திருந்தால், கம்ப்யூட்டரில் 'தலை முதலில்' என்ற பதிவு அப்படியே இருக்கும். மாற்ற மறந்தால் படம் தலைகீழாக வரும். சோம்பேறி என்ன செய்வான்? ஒரு பட்டனைத் தட்டிப் படத்தை நிமிர்த்திவிட்டுப் போய்விடுவான். தலை மேலே வந்துவிடும். இடமும் வலமும் மாறியே கிடக்கும். பார்ப்பவருக்குத் தெரியாது, ஊசி போடுகிறவருக்கும் தெரியாது.

"மறந்துட்டீங்களா, இல்ல வேணும்னே விட்டீங்களா?" என்று நேராகவே கேட்டாள்.

மாப்பிள்ளை சிரித்தான். "என்ன சிலையம்மா, என்னைப் போய் இப்படிக் கேக்குறீங்க? நான் சரியாத்தான் போட்டேன். சந்தேகம்னா இன்னொரு தடவை எடுத்துருவோம்." நோயாளிகளிடம் 'சிலை மாதிரி படுங்க' என்று மிரட்டுவதால் அவளுக்கு அந்தப் பெயர்.

அன்று வீட்டில் கணவர் வழக்கம்போல அவள் இடுப்பில் மருந்து தேய்த்துக்கொண்டிருந்தார். பாதியில் நிறுத்திவிட்டார். கையைத் துண்டில் துடைக்கும் சத்தம் வெகுநேரம் கேட்டது.

"ஏங்க நிறுத்திட்டீங்க?"

"ஒண்ணுமில்ல."

"சொல்லுங்க."

"அழுத்தினா நகருதும்மா."

எலும்புக்குள் இருப்பதைத் தோலுக்கு மேலே எப்படித் தொட முடியும்? தசை பிடித்திருக்கும் என்று அவருக்குப் பாடம் எடுத்தாள். அவர் தலையாட்டினார். ஆனால் அதற்குப் பிறகு அவர் அவள் முதுகைத் தொடவில்லை, படுக்கையில் தலையணையை எடுத்துக்கொண்டு கொஞ்சம் தள்ளிப் படுத்தார். இவருக்கு என்ன தெரியும், எதை மறைக்கிறார் என்று அவரையும் அவள் சந்தேகித்தாள்.

மறுநாள் மதியம், நோயாளிகள் இல்லாத இடைவேளையில், மூன்றாவது ஸ்கேன். மீன் எண்ணெய் மாத்திரை ஒன்றை இடது புட்டத்தின் மேல் அவளே பிளாஸ்திரி போட்டு ஒட்டிக்கொண்டாள். அது படத்தில் வெள்ளைப் பொட்டாகத் தெரியும். பொட்டு இருக்கும் பக்கம் இடது, அதை எந்தப் பட்டனாலும் மாற்ற முடியாது. 'கால் முதலில்' என்ற பதிவையும் தன் கையாலேயே தட்டிவிட்டுப் போய்ப் படுத்தாள்.

ஜன்னல் இல்லாத அந்த அறையில் மதியமும் ஒன்றுதான், வேறு எந்த வேளையும் ஒன்றுதான். குளிர், கிருமிநாசினியின் காரமான நெடி, சும்மா இருக்கும்போதும் உள்ளே எங்கோ குருவி கத்துவதுபோல் ஓயாமல் கீச்சிடும் பம்ப். இதையெல்லாம் ஒன்பது வருடமாக நின்றுகொண்டு கேட்டவள், படுத்துக்கொண்டு கேட்டபோது அந்தக் கீச்சொலி சுவரிலிருந்து வரவில்லை, பலகைக்குக் கீழிருந்து, இடுப்புக்கு நேர் கீழிருந்து வருவதாகத் தோன்றியது. மெஷினின் தட்டல் தொடங்கியது. முதல் படம் எடுத்து முடியும்வரை வலி இடது பக்கம் இருந்த இடத்திலேயே இருந்தது. இரண்டாவது படத்தில் அது மெல்லத் தளர்ந்தது. வெதுவெதுப்பாக ஏதோ ஒன்று முதுகெலும்பின் நடுவை நோக்கி, அவசரமே இல்லாமல், தட்டல் நிற்கும்போது நின்று, தட்டும்போது நகர்ந்து போயிற்று. எட்டு மாதத்தில் முதல் முறையாக இடது கால் வலிக்கவில்லை. அழவேண்டும்போல் சந்தோஷமாக இருந்தது. மூன்றாவது படத்தில் வலது காலின் சுண்டு விரல் எரிந்தது.

வெளியே வந்து மாப்பிள்ளையைத் தள்ளிவிட்டுத் திரையைப் பார்த்தாள். முதல் படத்தில் வெள்ளைப் பொட்டும் பையும் ஒரே பக்கம். இரண்டாவது படத்தில் பொட்டு இருந்தது. பை எந்தப் பக்கமும் இல்லை. மூன்றாவதில் பொட்டு இடது, பை வலது. அவள் கையைப் பின்னால் கொண்டுபோய்த் தடவினாள். மாத்திரை ஒட்டிய இடத்திலேயே இருந்தது.

"நீங்க அசைஞ்சுட்டீங்க" என்றான் மாப்பிள்ளை.

"நானா?"

அவன் மேலுதட்டில் வியர்த்திருந்தது, அந்தக் குளிரில்.

மறுநாள் காலை வலி பழையபடி இடது காலுக்கே வந்திருந்தது. வேலைக்கு வந்து பார்த்தால், டாக்டருக்குப் போயிருந்தது அந்த ஸ்கேனின் முதல் படம் மட்டும். மற்ற இரண்டும் அழிக்கப்பட்டிருந்தன.

"அசைஞ்ச படத்தை யாராவது அனுப்புவாங்களா? நீங்க சொல்லிக்கொடுத்ததுதான்" என்றான். பிறகு குரலைத் தாழ்த்தினான். "ரெண்டையும் பார்த்தா டாக்டர் தள்ளிப்போட்டுருவார். நீங்க நின்னுக்கிட்டே தூங்கி விழுறதை எத்தனை நாள் நான் பாக்குறது?"

நல்லவனா நடிப்பவனா என்று அவளால் பிரிக்க முடியவில்லை. டாக்டருக்கே போன் செய்து எல்லாவற்றையும் கொட்டினாள். அவர் பொறுமையாகக் கேட்டார். "வியாழக்கிழமை முதல்ல சி.டி. எடுத்துப் பார்ப்பேன். எந்தப் பக்கம் இருக்கோ, அந்தப் பக்கம்தான் ஊசி. உங்க ரிப்போர்ட்டை நம்பி நான் குத்த மாட்டேன், போதுமா?" போதும் என்றுதான் பட்டது. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று தன்னையே திட்டிக்கொண்டாள்.

வியாழக்கிழமை காலை பத்து மணி. சி.டி. எடுப்பவர் விடுப்பு, கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் மாப்பிள்ளை உட்கார்ந்திருந்தான். திரும்பிப் போய்விடலாமா என்று ஒரு கணம் நினைத்தாள். இடது கால் வெட்டியது. முகத்தைக் கண்ணாடிப் பக்கம் திருப்பிக் குப்புறப் படுத்தாள்.

கைகள் இரண்டும் தலைக்கு மேலே நீட்டிக் கிடந்தன. இடுப்பில் ஒட்டும் துணி, அதன் நடுவில் ஓட்டை, அங்கே ஈரமாய்க் குளிர்ந்த மருந்து. முதல் சி.டி.யில் பை இடது பக்கம். டாக்டர் அதைச் சொன்னபோது நிம்மதியில் அவளுக்கு அப்போதுதான் மூச்சே வந்தது. மரப்பு ஊசி. பிறகு பெரிய ஊசி. எலும்பின் துளையைத் தேடி உள்ளே போகும் அழுத்தம். இரண்டாவது ஊசி.

"அசையாதீங்கம்மா. நரம்புக்குப் பக்கத்துல இருக்கேன்."

அவள் அசையவில்லை. அசையாமல் இருப்பது அவளுக்குத் தெரிந்த ஒரே வித்தை.

"வருது... தண்ணி வருது." சற்று நேரம் கழித்து, "நின்னுடுச்சே. ரெண்டு சொட்டுதான். உள்ள காலி."

காலி இல்லை. போய்க்கொண்டிருந்தது. வெதுவெதுப்பாக, நடுவுக்கு. ஆனால் இந்த முறை வலது பக்கம் திரும்பவில்லை. மேலே.

"டாக்டர், அது மேல போகுது."

"மரப்பு மருந்து பரவுது. பேசாதீங்க. ஒரு படம் எடுத்துட்டு வந்து பசை போட்டுடறேன்."

ஊசிகள் இரண்டும் முதுகில் நின்றன. கதவு மூடியது. கண்ணாடிக்குப் பின்னால் இரண்டு தலைகள் திரையின் மேல் குனிந்தன. பலகை நகர்ந்தது. மைக்கை யாரோ அணைக்க மறந்திருந்தார்கள்.

"எலும்பு ஏன் இப்படி இருக்கு?" டாக்டரின் குரல்.

"முதல்ல எடுத்தப்ப இல்ல சார்."

"குடைஞ்ச மாதிரி இருக்கு. அடுத்ததும். அதுக்கு மேல உள்ளதும். இன்னும் மேல எடு."

பலகை நகர்ந்தது. இடுப்பு. நடு முதுகு. அவளுக்குத் தெரிந்தது. படம் பிடிப்பதற்கு முன்னால் அது போய்விட்டிருந்தது. தோள்களுக்கு நடுவே ஒரு நொடி நின்றது. பிறகு கழுத்து. பின்னங்கழுத்துக் குழிக்குள். அங்கே சுருண்டது. இதமாக இருந்தது.

"மேல எடு. இன்னும்."

கத்த வாயைத் திறக்கப் பார்த்தாள். வாய் திறக்கவில்லை.

வலது கை எழுந்தது.

அவள் எழுப்பவில்லை. அது தலைக்கு மேலிருந்து எழுந்து, தோளைச் சுற்றி, மெதுவாகப் பின்னால் வந்தது. கண்ணாடிக்குப் பின்னால் யாரும் அவளைப் பார்க்கவில்லை. திரையைத்தான் பார்த்தார்கள். விரல்கள் துணியைத் தடவின. ஓரத்தைக் கண்டுபிடித்தன. பெரிய ஊசியைத் தொட்டன. பிடித்தன. கவனமாக. பழகியவர் கைபோல.

பிடுங்கப் போகிறது என்று நினைத்தாள். பிடுங்கட்டும்.

கை ஊசியை உள்ளே அழுத்தியது.

வலி இல்லை. அதுதான் பயங்கரம். இடது பாதத்தில் சுண்டு விரல் மரத்துப் போயிற்று. அதற்கு அடுத்தது. அதற்கும் அடுத்தது. கை ஒவ்வொன்றுக்கும் கொஞ்சம் நின்று, இன்னும் கொஞ்சம் அழுத்தியது.

"சிலையம்மா, அப்படியே இருங்க" என்றது மைக். "நல்லா இருக்கீங்க, கொஞ்சம்கூட அசையல."