கழிவு மை

பிரிண்டரின் கழிவு மைக் கணக்கைச் சுகாசினி இப்போதுதான் சுழியாக்கினாள். இன்னும் ஒரு தாள்கூட அடிக்கவில்லை. அதற்குள் லேப்டாப்பில் கணக்கு மூன்று சதவீதம் என்று காட்டியது.

கழிவு மையை உறிஞ்சும் பஞ்சு நிரம்பிவிட்டதென்று காலையிலிருந்தே பிரிண்டர் மக்கர் பண்ணியது. நிரம்பாமல் என்ன செய்யும்? ஓரகத்தி சங்கரி பார்டர் டிசைன் அடிக்க உட்காரும் முன்பெல்லாம் இவள்தானே வேண்டுமென்றே ஹெட் கிளீனிங் போட்டு மையைத் தீர்த்தாள்! அத்தனையும் அடியிலிருக்கும் பஞ்சுக்குப் போனது. இப்போது பஞ்சை மாற்றாமல் கணக்கை மட்டும் அழித்திருக்கிறாள்.

சாயங்காலம் தறி முதலாளி ராமராஜன் வருகிறார். இரண்டு பேரில் ஒருத்தியின் டிசைன்தான் புதுச்சேலைக்குப் போகும். இந்தத் தடவையும் அவளுடையதா? நினைத்தாலே வயிறு எரிந்தது. நேற்று வந்தவளுக்கு அப்படி ஒரு கை!

மாகறலுக்கு அம்மா வீட்டுக்குக் கிளம்பும்போது சங்கரியின் கொஞ்சல் வேறு. “அக்கா, என்னுதையும் ஒரு தாள் அடிச்சி வெச்சிடுக்கா.”

சுகாசினி முதலில் தன்னுடைய டிசைனைப் பிரிண்டருக்கு அனுப்பினாள். எதிர்வீட்டுத் தறிச் சத்தத்தோடு சேர்ந்து உள்ளே ஹெட் இப்படியும் அப்படியுமாக உரசி உரசி ஓட, ஈரப் பஞ்சின் புளித்த வாடை அறையெல்லாம் பரவ, தாள் மெல்ல மெல்ல வெளியே வந்தது. வெறும் வெள்ளை. கட்டங்கள்கூட இல்லை. கணக்கு மட்டும் இருபதுக்கு ஏறியிருந்தது.

சங்கரியுடையதை அனுப்பினாள். இழைக்கு ஒரு கட்டமாக, பிசிறில்லாமல், அன்னப்பட்சி பார்டர் வந்து விழுந்தது.

“சீ! உனக்குமா அவ ஒசத்தி?”

ஆத்திரத்தில் அடிமூடியைத் திறந்து பஞ்சைப் பிடுங்கக் கையை விட்டாள். வெதுவெதுவென்று இருந்தது. விரல்களை உறிஞ்சியது.

வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள்.

மை ஒட்டவில்லை. ரேகை இல்லை. நகம் இல்லை. வெள்ளை.

ஹெட் தானாக ஓடியது. ஐம்பது. மணிக்கட்டு வெளுத்தது. ரீசெட்டை அழுத்தினாள். அழுந்தவில்லை. எழுபது. வளையல் கழன்று தரையில் உருண்டது. ஐயோ, முழங்கை. தோள். நூறு.

“கதவத் தொறந்து போட்டுக்கினு எல்லாம் எங்கமா போனீங்கோ?” ராமராஜன் உள்ளே வந்தார்.

“அண்ணா! இங்கதான் இருக்கேன்!”

சத்தமே வரவில்லை.

அவர் அன்னப்பட்சித் தாளை ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தார். “அடேங்கப்பா! சங்கரி கை சங்கரி கைதான்பா!”

பிறகு சுகாசினி உட்கார்ந்திருந்த நாற்காலியிலேயே வந்து உட்கார்ந்து, அவளுடைய வெள்ளைத் தாளை மடித்து, நிதானமாக விசிறிக்கொண்டார்.