டாங்கித் தளத்துத் தாகம்

கணவர் ஜீவரத்தினத்தைக் கழிப்பறையில் தாங்கிப் பிடித்தபடி ராஜலட்சுமி நின்றிருந்தபோது, அவர் படுக்கும் முன்னறையிலிருந்து யாரோ தண்ணீர் கேட்டார்கள். ஆங்கிலத்தில், ஒரே சொல். குரலில் கோபம் இல்லை, அவசரமும் இல்லை. நெடுநேரமாகக் கேட்டுக்கொண்டிருப்பவர் இன்னொருமுறை கேட்டதுபோல் இருந்தது. வீட்டில் அவர்கள் இருவர் மட்டும்தான்.

"ரீவியைப் போட்டுவிட்டே வந்தனீர்?" என்றார் அவர்.

தொலைக்காட்சி மேல்மாடியில் இருந்தது. அவள் அவரை மெல்ல நடத்தி வந்து கட்டிலில் கிடத்தினாள்.

அவருடைய குடலை வெட்டித் தைத்திருந்தார்கள். தையல் கசிந்துகொண்டிருந்தது. வியாழக்கிழமை ஸ்கான் எடுத்துப் பார்க்கும்வரை வாயால் ஒரு மிடறும் இறங்கக்கூடாது, இறங்கினால் உள்ளே நஞ்சாகும், மறுபடி வெட்ட இந்த உடம்பு தாங்காது என்று டொக்டர் சொல்லியிருந்தார். சாப்பாடு குழாய் வழியாக நரம்பில் ஏறியது. ஈரப் பஞ்சுக் குச்சியால் அவர் உதட்டைத் தடவிவிடுவது மட்டுமே அவளால் முடிந்தது.

மறுநாள் காலை குப்பைத்தொட்டியை உள்ளே இழுக்கும்போது, பக்கத்து வீட்டுக் கோதையிடம் தங்களுக்கு முன் இந்த வீட்டில் இருந்தவரைப் பற்றிக் கேட்டாள். கோதைக்குச் சிரிப்பு வந்தது.

"வெள்ளைக்காரக் கிழவன் பெர்சியையே? பின்னேரமானால் மெயின் தண்ணியைப் பூட்டிப்போடுவான், ராசக்கா. சரியான கஞ்சன் எண்டு நான் என்ர இவரிட்டச் சொல்லிச் சிரிக்கிறனான். பிறகு ஒருநாள் வேலிக்கு மேலால கதை சொன்னான். உலகச் சண்டைக்குள்ள டாங்கி இறக்கிற கப்பலிலயாம் வேலை. சிசிலி, நோர்மண்டி எண்டு கரைகரையாய்ப் போய், முன்வாயைத் திறந்து டாங்கியளைக் கக்கிப்போட்டு, வரேக்க அதே தளத்தில காயக்காரரை அடுக்கிக்கொண்டு வருமாம். கடைசியில எங்கட திருகோணமலைக்கும் வந்ததாம்."

"அவருக்கு அதில என்ன வேலை?"

"காயக்காரரைப் பாக்கிறது. சுவர் முழுக்கத் தட்டுத்தட்டாய் ஸ்ரெச்சராம். வயித்தில வெடிபட்டவைக்குத் தண்ணி குடுக்கக்கூடாது எண்டு மேலிடத்து ஓடராம். காற்சட்டையைப் பிடிச்சுப் பிடிச்சுக் கேப்பினமாம். இவன் குடுக்கேல்லையாம். கரை தெரியேக்க தண்ணி கேக்கிற சத்தம் நிண்டிடுமாம்." கோதையின் சிரிப்பும் நின்றது. "அண்ணை வயித்து வெட்டோட கிடக்கேக்க உங்களிட்டப் போய் இதைச் சொல்லுறன் பாருங்கோ."

செத்தவர் வீட்டில் முப்பத்தோராம் நாள் முடியும்வரை படத்துக்கு முன்னால் ஒரு செம்பு தண்ணீர் இருக்கும். தாகத்தோடு ஒருவரையும் அனுப்பக்கூடாது. கப்பலில் கிடந்து செத்த அந்தப் பெடியன்களுக்கு யார் வைத்திருப்பார்கள்? அன்று வெளிச்சம் மங்குமுன் ராஜலட்சுமி செம்பு நிறையத் தண்ணீர் எடுத்து, முன்னறை ஜன்னலுக்குக் கீழே வைத்துக் கும்பிட்டாள்.

ஜீவரத்தினம் தலையைத் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். "வெள்ளைக்காரப் பேயளுக்குச் செம்பில தண்ணி. எனக்குப் பஞ்சுக்குச்சி. நல்ல மனிசி."

"வியாழன் மட்டும் பொறுங்கோ."

"அவையளுக்கும் இப்பிடித்தான் சொல்லியிருப்பினம்."

தேநீர் வைத்துவிட்டு அவள் திரும்பி வந்தபோது செம்பு காய்ந்திருந்தது. ஓடிப்போய்க் கணவரின் வாயைத் திறந்து பார்த்தாள். நாக்கு வெடித்து, மணல்போல் வறண்டு கிடந்தது. அவர் குடிக்கவில்லை. மறுபடி நிரப்பினாள். அந்த அறை முழுவதும் மெல்ல ஒரு பெருமூச்சு பரவியது, ஒரு வாயிலிருந்து அல்ல. அதற்குப் பிறகு தண்ணீர் கேட்ட குரல் ஒன்றல்ல.

புதன்கிழமை மூன்று மணிக்கே மழை இருட்டு இறங்கிவிட்டது. டீசலும் உப்பும் அயடினும் கலந்த வாடை கம்பளத்திலிருந்து எழுந்து, அவள் எத்தனை ஜன்னலைத் திறந்தும் போகாமல், நாக்கின் அடியில் கசப்பாகத் தங்கியது. தரை மிக மெதுவாக ஒரு பக்கம் சாய்ந்து, மறுபக்கம் சாய்ந்தது. செம்பு, டம்ளர்கள், கிண்ணங்கள், சோறு வடிக்கும் சட்டி என்று வீட்டிலிருந்த பாத்திரங்களையெல்லாம் கூஜாவால் ஊற்றி நிரப்பிச் சுவரோரம் வைத்தாள். வைத்த கை எடுக்குமுன் அவை காய்ந்தன. தண்ணீர் கிடைத்தவர்கள் அடங்கினார்கள். கிடைக்காதவர்கள் கேட்டார்கள். தான் தொடங்கியதைத் தன்னால் நிறுத்த முடியாது என்று அப்போது அவளுக்கு விளங்கியது.

விளக்கைப் போடச் சுவரைத் தடவினாள். சுவிட்ச் இல்லை. ஈரமான இரும்பு. அதில் தழும்புபோல் நீண்டு ஓடும் வெல்டிங்.

"இஞ்சேருங்கோ," என்று கூப்பிட்டாள்.

கூப்பிட்டபடி இருட்டில் முன்னால் நடந்தாள். அவருடைய கட்டில் வலப்பக்கம், கதவோரம். அதைத் தாண்டி வந்துவிட்டோம் என்று நினைத்தாள். அறை முடியவில்லை. ஒரு கையில் கூஜா, மறு கையில் டம்ளர். இடுப்பளவில் ஒரு கித்தான் படுக்கை, மார்பளவில் இன்னொன்று, தலைக்கு மேலும் ஒன்று. விரல்கள் அவளுடைய சேலையைப் பிடித்தன. இழுக்கவில்லை. பிடித்துக்கொண்டு மட்டும் இருந்தன.

இவர்களை அடக்கிவிட்டால் போதும். விடிந்தால் வியாழன். அவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போய்விடலாம்.

டம்ளரை நிரப்பி, கையில் தட்டுப்பட்ட முகத்துக்குக் கொடுத்தாள். குளிர்ந்த உதடு. ஒரு மிடறு. அடங்கியது.

அடுத்தது. குளிர்ந்த உதடு. அடங்கியது.

அடுத்தது.

அடுத்தது.

சேலையைப் பிடித்த விரல்கள் ஒவ்வொன்றாக விட்டன. தளம் அமைதியாகிக்கொண்டு வந்தது. ஒரேயொரு மூச்சு மட்டும் மிச்சம். அவள் குனிந்து டம்ளரைச் சாய்த்தாள்.

இந்த உதடு சூடாக இருந்தது.

அவளுடைய விரலில் மீசை குத்தியது. முப்பத்தைந்து வருடமாக அவளுக்குத் தெரிந்த மீசை.

கையை இழுத்தாள். வரவில்லை.

கூஜா பிடித்த கையின் சுண்டுவிரலை நீட்டி டம்ளரின் அடியைத் தடவிப் பார்த்தாள். அங்கே உள்ளங்கைகள். குளிர்ந்தவை. ஒன்றின் மேல் ஒன்றாக, எத்தனையோ. எல்லாமாகச் சேர்ந்து, மிகக் கவனமாக, ஒரு துளியும் சிந்தாமல் டம்ளரைச் சாய்த்துப் பிடித்திருந்தன. யாரோ அவளுடைய மறு கையிலிருந்த கூஜாவையும் உயர்த்தினார்கள்.

இருட்டில் ஜீவரத்தினம் மடக்கு மடக்கென்று குடித்துக்கொண்டிருந்தார்.