ஃபாவுஸ்தினோ சொன்ன வழி

கடைசிக் கார்ப் பந்தயத்தைச் சொந்த ஊர்ச் சாலையிலேயே ஓட்டிவிட்டு ஓய்ந்துவிடுவது என்று பஸல்துவா முடிவு செய்திருந்தார். அன்று காலை லாஸ் தோர்தொலாஸில் வந்து இறங்கியபோது கம்பிவேலி நெடுகிலும் சனம். லாரிகளின் மேலே நாற்காலி போட்டு உட்கார்ந்து மாத்தே என்ற மூலிகைத் தேநீரை உறிஞ்சிக்கொண்டிருந்தார்கள். இறைச்சி சுடும் புகை சாலைமேல் தாழ்வாகப் படர்ந்திருந்தது.

புகைக்குள் இன்னொரு வாடையும் இருந்தது. முடி கருகுகிற வாடை.

அவருக்கு அது பழக்கம்தான்.

இளவயதில் இதே சாலையில்தான் கூட உட்கார்ந்து வந்த ஃபாவுஸ்தினோவைப் பறிகொடுத்தார். ஓட்டுகிறவருக்கு வலப்பக்கம் துணையாக ஒருவன் உட்கார்ந்து வளைவுகளைக் கவனித்துச் சொல்லும் பந்தயம் அது. என்ஜின் இரைச்சலில் பேச்சு எடுபடாது. முழங்காலில் தட்டினால் பிரேக் போடு என்று அர்த்தம். முன்னால் போன காரின் தூசியில் கண் தெரியாமல் போனபோது ஃபாவுஸ்தினோ தட்டினான். திரும்பத் திரும்பத் தட்டினான். முந்தும் வெறியில் பஸல்துவா அவன் கையைத் தள்ளிவிட்டு ஆக்ஸிலேட்டரை மிதித்தார். கார் உருண்டு தீப்பிடித்தது. அவருக்குக் கீறல்கூட இல்லை. ஃபாவுஸ்தினோவின் பெல்ட் கழலவில்லை.

அடுத்த பந்தயத்தில், அதேபோலத் தூசி கண்ணை மறைத்த நேரம், வலது காதருகே, ஹெல்மெட்டுக்குள், அத்தனை இரைச்சலிலும் துல்லியமாக ஒரு முணுமுணுப்பு.

"இடது. விடாதே, மிதி."

மிதித்தார். ஜெயித்தார்.

அன்றிலிருந்து தலைமுடி நரைக்கும்வரை அந்தக் குரல் ஒரு வளைவைக்கூடத் தப்பாகச் சொன்னதில்லை. தூசியில் மற்றவர்கள் காலை எடுப்பார்கள், அவர் எடுக்கமாட்டார். அவருக்குப் பருந்தின் கண் என்று பத்திரிகைகள் எழுதின. பக்கத்தில் உட்கார்ந்தவர்கள்தான் நிலைக்கவில்லை. பிடரி சில்லிடுகிறது என்பார்கள். தோளில் யாரோ கைவைக்கிறார்கள் என்பார்கள். ஒருவன் ஓடும் காரிலேயே கதவைத் திறக்கப் பார்த்தான். பஸல்துவா யாரிடமும் காரணம் சொன்னதில்லை. ஆள் போனால் வேறு ஆள் பிடித்துக்கொள்வார். ஜெயிக்கிற வழியை எவன் வெளியே சொல்வான்?

இந்த வருடம் அந்த இருக்கை மனைவி டெல்ஃபினாவின் தம்பி செல்சோவுக்கு. வாய் ஓயாதவன்.

"மச்சான், இன்னிக்காவது ஒழுங்காப் போய்ச் சேருவோம். அக்கா எனக்காக எம்பனாடா சுட்டு வெச்சிருக்கா, ஆறிடும்."

"ஆறினதைத் தின்னா செத்துடமாட்டே. ஏறு."

கிளம்பும் முன் பஸல்துவா ஹெல்மெட்டுக்குள் மெல்லச் சொன்னார்: "இதோட முடிச்சுக்கறேன், ஃபாவுஸ்தினோ."

பதில் இல்லை.

பந்தயம் முழுக்கவும் பதில் இல்லை. கடைசிச் சுற்றில் ஒரே ஒரு கார்தான் முன்னால். அதன் தூசி சுவர்போல எழுந்து கண்ணாடியை மூடியது. செல்சோ முழங்காலில் தட்டினான்.

"நேர்," என்றது காதருகே குரல். "மிதி."

செல்சோ மறுபடி தட்டினான். இரண்டு கையாலும் தட்டினான். அவன் வாய் 'வளைவு, வளைவு' என்று அசைவதைக் கடைக்கண்ணில் பார்த்தார்.

"மிதி."

எத்தனை வருஷத்து நம்பிக்கை. செல்சோவின் கையைத் தள்ளிவிட்டு மிதித்தார்.

எதிரே சாலை இல்லை.

கார் தலைகீழாகக் கிடந்தது. பஸல்துவாவுக்கு மணிக்கட்டு மட்டும் முறிந்திருந்தது. வலப்பக்கம் முழுக்க ஒரு பாப்லார் மரம் உள்ளே புகுந்திருந்தது. மரத்துக்குப் பின்னாலிருந்து நீண்ட ஒரு கை இன்னமும் அவர் முழங்காலைத் தட்டிக்கொண்டிருந்தது. மெதுவாக. இன்னும் மெதுவாக.

பிறகு நின்றது.

"பரவாயில்லை," என்றது குரல், சிநேகமாக. "இந்தத் தடவை நான் சொன்னதைக் கேட்டுட்டே."

செல்சோவை அடக்கம் செய்துவிட்டுத் திரும்பும்போது டெல்ஃபினாதான் காரை ஓட்டினாள். பஸல்துவா கட்டுப்போட்ட கையோடு வலப்பக்கம் உட்கார்ந்திருந்தார். கல்லறையிலிருந்தே இருவரும் ஒரு வார்த்தை பேசவில்லை. பட்டப்பகல். நூல் பிடித்தாற்போல் நேரான சாலை. எதிரே மாடு ஏற்றிய லாரி ஒன்று வந்துகொண்டிருந்தது.

டெல்ஃபினா நிதானமாக ஸ்டீயரிங்கை இடதுபக்கம், லாரி வரும் பக்கமாக, திருப்பினாள்.

அவர் ஒற்றைக் கையால் பாய்ந்து பிடித்து இழுத்தார். லாரி ஹாரன் அலற உரசிக்கொண்டு போனது. கார் வேலியோரப் புல்லில் இறங்கி அணைந்தது.

"எதுக்கு திருப்பினே?" அவருக்கு மூச்சு வாங்கியது.

அவள் விளங்காமல் பார்த்தாள். "நீங்கதானே இடதுன்னு சொன்னீங்க?"

காருக்குள் கருகல் வாடை எழுந்தது.

டெல்ஃபினா பின்பக்கமாகச் சற்றுத் தலையைச் சாய்த்து எதையோ கவனமாகக் கேட்டாள்.

"சரி," என்றாள் யாரிடமோ.

காரை மறுபடி கிளப்பினாள்.