கப்பல் மரத்தில் கட்டிய வீடு

நியூஜெர்சியின் தென்கோடிக் கடற்கரையில் அந்தப் பழைய வீட்டின் முன் ராமசுப்ரமணியன் காரை நிறுத்தியபோது மதியம்தான். ஆனாலும் வானம் இருண்டு கிடந்தது. 1997 அக்டோபர். மனைவி ஸ்வர்ணாவையும் ஆறு வயது மகள் ரக்ஷாவையும் அழைத்துக்கொண்டு வார இறுதிக்காக பிரிட்ஜ்வாட்டரிலிருந்து வந்திருந்தான்.

சாவி கொடுத்த வீட்டுக்காரப் பெண்மணி பெருமையாகச் சொன்னாள். உத்திரங்களும் தரைப்பலகைகளும் 'கிரே ஹெரான்' என்ற கப்பலுடையவையாம். 1812-இல் பிரிட்டனோடு போர் மூண்டபோது எதிரிகளின் சரக்குக் கப்பல்களைக் கொள்ளையடிக்க அமெரிக்க அரசே அனுமதி தந்த தனியார் கப்பல் அது. பிரிட்டிஷ் கடற்படை அதைப் பிடித்து, பீரங்கிகளைக் கூட்டி, போர்க்கப்பலாக்கி இதே கரையோர ஊர்களின் மேல் ஏவிவிட்டது. அதன் பழைய அமெரிக்க மாலுமிகளை அடித்தட்டில் கைதிகளாக அடைத்து வைத்திருந்தது. கடைசியில் புயலில் கப்பல் தரைதட்டியபோது, கைதிகள் படகுகளில் முண்டியடித்து ஏறிவிடக் கூடாதென்று அடித்தட்டின் மூடியை ஆணியடித்துவிட்டுத்தான் மற்றவர்கள் தப்பினார்கள்.

அவள் போனதும் ஸ்வர்ணா மெல்லச் சொன்னாள்: "ராம், இந்த வீடு வேண்டாமே. ஏதாவது மோட்டல் பாக்கலாம்."

"கான்சல் பண்ண முடியாது. ரெண்டு நாள்தானே?"

சொல்லிவிட்டானே தவிர, அவனுக்கே இருப்புக் கொள்ளவில்லை. எங்கிருந்தோ தாரும் உப்பும் கலந்த ஈரவாடை வந்தது. ஜன்னல்கள் மூடியிருந்தும் கூடத்து விளக்கு அசைந்தாடியது. உட்கார்ந்தால் தரை மெல்ல ஏறி இறங்குவதுபோல் இருந்தது. எழுந்து நடந்தான். டிவியைப் போட்டான், அணைத்தான். மறுபடி நடந்தான். வெளியே மழை அறையத் தொடங்கியது.

அப்போதுதான் ரக்ஷாவைக் காணவில்லை என்று தெரிந்தது.

சமையலறைத் தரையில், நிலவறைக்கு இறங்கும் மரமூடி. அதன் அடியிலிருந்து தட்டும் சத்தம்.

"அப்பா! ஓபன் இட்! வாட்டர் இஸ் கமிங்!"

வளையத்தைப் பிடித்து இழுத்தான். தாழ்ப்பாள் இல்லை, பூட்டு இல்லை. மூடி அசையவே இல்லை. ஸ்வர்ணாவும் சேர்ந்து இழுத்தாள்.

தட்டல் பலத்தது.

அது ஒரு குழந்தையின் கை இல்லை.

பல கைகள்.

கனத்த உள்ளங்கைகள் பலகை அதிர அறைந்தன. ராமசுப்ரமணியன் மண்டியிட்டு, தான் யாரிடம் பேசுகிறோம் என்றே தெரியாமல் கத்தினான்:

"எல்லாரையும் விட்டுடறேன்! சத்தியமா எல்லாரையும்! என் பொண்ணை விடுங்க!"

மூடி பஞ்சுபோல் மேலே வந்தது.

ரக்ஷா இடுப்புவரை நனைந்து படியில் நின்றிருந்தாள். அவளுக்குக் கீழே நிலவறை காய்ந்த மணலாகக் கிடந்தது.

"தே லிஃப்டட் மீ, அப்பா," என்றாள். "கிட்ஸ் ஃபர்ஸ்ட்னு சொன்னாங்க."

மூடியைத் திறந்தபடியே விட்டுவிட்டு, பெட்டிகளைக்கூட எடுக்காமல் ஓடிப்போய்க் காரில் ஏறினார்கள். கார் திணறித் திணறித்தான் நகர்ந்தது. ஆக்சிலரேட்டரை எவ்வளவு அழுத்தியும் வேகம் பிடிக்கவில்லை.

வழியில் ஒரு கேஸ் ஸ்டேஷனில் நிறுத்தினான். டேங்க்கை நிரப்பிய இளைஞன், அமுங்கிக் கிடந்த பின்சக்கரங்களைப் பார்த்தான். பிறகு பின்ஜன்னல் வழியாக உள்ளே பார்த்துவிட்டு ராமசுப்ரமணியனிடம் வந்து ஆங்கிலத்தில் சொன்னான்:

"சார், இத்தனை பேரை ஏத்திக்கிட்டு ஃப்ரீவேல போகாதீங்க. பாவம், அந்தக் குழந்தைக்கு உட்காரவே இடமில்லை."

ராமசுப்ரமணியன் மெல்லத் திரும்பினான்.

காலியான பின்சீட்டின் ஓரத்தில், கதவோடு கதவாக நசுங்கி, முழங்கால்களை ஒடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள் ரக்ஷா.