அட்டையில் இருந்த பெயர்

வெள்ளாங்கரடு என்கிற பாறைக் குன்றுக்குப் போகும் வழி அந்தக் கடிதத்தில் தெளிவாக எழுதியிருந்தது. தாராபுரத்தில் இறங்கி டவுன் பஸ், அப்புறம் சோளக்காட்டு வரப்போடு இரண்டு மைல் நடை, கரட்டின் கிழக்குச் சரிவில் குகை. வலதுபக்கமாக ஏறுவது நல்லது, இடதுபக்கம் பாறை வழுக்கும். லோதி ரோடு பஸ் நிறுத்தத்தில், ஜனவரி மூடுபனி கண்ணாடியில் படியப் படியத் துடைத்துக்கொண்டு, கதிரவன் அதை மூன்று தடவை படித்தார். ஒரே ஒரு சங்கடம், அப்படி ஒரு கரடே உலகத்தில் கிடையாது. போன வருஷம் அவரே சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து, கைமுறுக்கு தின்றுகொண்டு இட்டுக்கட்டியது அது.

அவர் மத்திய அரசு அலுவலகத்தில் மொழிபெயர்ப்பாளர். ஓய்வுக்குப் பதினான்கு மாதம் பாக்கி. வானத்திலிருந்து யாரோ வந்து நம் முன்னோருக்குக் கல் செதுக்கச் சொல்லிக்கொடுத்தார்கள் என்று புத்தகம் போட அனுமதி கேட்டால் ஃபைல் சுற்றும், அதற்கு முன்னால் கேன்டீனில் சிரிப்பு சுற்றும். அதனால், டெல்லியில் பேனா அரிப்புள்ள பல ஆபீசர்கள் செய்வதையே அவரும் செய்தார். பெண்டாட்டி பெயரில் எழுதினார். அட்டையில் கொட்டை எழுத்தில் 'அருக்காணி கதிரவன்'. அருக்காணி அந்த அட்டையைத் தாண்டி ஒரு பக்கம் புரட்டியதில்லை. யாராவது கேட்டால் "நானுதான் எழுதுனேன்" என்று சொல்ல மட்டும் அவளைப் பழக்கி வைத்திருந்தார்.

வெள்ளாங்கரடு வந்தது சென்னையில் இருக்கும் பதிப்பாளர் இளஞ்செழியனால். "எகிப்து, பெரு எல்லாம் ஊரே போட்டாச்சு சார். நம்ம மண்ணுல ஒண்ணு குடுங்க, பிச்சுக்கிட்டுப் போகும்" என்றார். கதிரவன் கொடுத்தார். ஒரு குகை, பாறையில் உருண்டைத் தலையோடு நாலு உருவம், வானத்தைக் காட்டும் கைகள். புத்தகம் நாலு பதிப்பு போனது. பிறகு கடிதங்கள் வர ஆரம்பித்தன. இது பதினோராவது. எல்லாம் அருக்காணியின் பெயருக்கு, எல்லாரும் கரட்டைப் போய்ப் பார்த்தவர்கள்.

ஏகாம்பரத்தின் வேலை என்றுதான் கதிரவன் நினைத்தார். பக்கத்து மேஜைக்காரன், ஒருநாள் அந்தப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு அவரைப் பார்த்து ஒரு தினுசாகச் சிரித்தவன். அவனுடைய லீவு விண்ணப்பத்தை எடுத்துவந்து கடிதங்களோடு எழுத்து எழுத்தாக ஒப்பிட்டுப் பார்த்தாயிற்று. பொருந்தவில்லை. பதினொரு கடிதம், பதினொரு கையெழுத்து, பதினொரு ஊர் முத்திரை. ஆனால் பதினொன்றிலும் ஒரே சேதி இருந்தது. குகைக்குள் இடி விழுந்த பனைமரத்தடியில் வருகிற கருகல் வாசனை வருகிறதாம். அதை அவர் எழுதவே இல்லை. ஆள் வைத்து எழுதச் சொல்கிறான் படுபாவி என்று முணுமுணுத்துக்கொண்டு கடிதத்தை மடித்தார்.

குவார்ட்டர்ஸ் மாடிப்படியில் பல்பு எரிந்தாலும் வெளிச்சம் படியைத் தொடாமல் பனியிலேயே நின்றுவிட்டது. கீழ்வீட்டு ரொட்டி வாசனை, யார் வீட்டிலோ குக்கர் சத்தம், ஈரச் சுவரின் நெடி, இவற்றுக்கு நடுவே மூன்றாவது மாடியில் வேறொன்று மூக்கில் ஏறியது. தீய்ந்த வாசனை. பால் பொங்கியிருக்கும் என்று சொல்லிக்கொண்டே சாவியைத் திருப்பினார். அடுப்பு அணைந்து, மேடை சுத்தமாகத் துடைத்திருந்தது.

ஹாலில் நாலு டம்ளர் டீ, விளிம்புவரை, ஆடை படிந்து. அருக்காணி ஸ்வெட்டர்கூட இல்லாமல் பால்கனிக் கதவைத் திறந்துவைத்து உட்கார்ந்திருந்தாள்.

"யாரு வந்தா?"

"ஊர்லருந்து நாலு பேருங்க. டீ குடிச்சுட்டு இப்பத்தான் போனாங்க."

அவர் டம்ளர்களைப் பார்த்தார்.

"புஸ்தகம் எழுதுனவங்க இருக்கறாங்களான்னாங்க. நானுதான்னு சொன்னனுங்க. நீங்கதான அப்படிச் சொல்லச் சொன்னீங்க. அப்பறம் மிச்சத்தக் கேட்டாங்க, அதையுஞ் சொன்னேன்."

"என்ன மிச்சம்? நீ அதப் படிச்சதே இல்லயே."

"கரட்டுல வந்து எறங்குனாங்கல்ல, அவங்களுக்கு நம்ம மூஞ்சி தெரியாதுங்க. பேர வெச்சுத்தான் ஆளத் தேடுவாங்க."

கதிரவன் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டார். ஏழாம் அத்தியாயம் எழுதும்போது அவர் மனசில் ஓடிய வரி அது. எழுதப் பயந்து, தட்டச்சு செய்யாமலே விட்டுவிட்டார். ஒரு காகிதத்தில் இல்லை, ஒருத்தரிடம் சொன்னதில்லை.

"ஏழு மணிக்கு மறுபடி வாராங்க, என்னையக் கூட்டிட்டுப் போக" என்றாள், கடைக்குப் போவதைச் சொல்வதுபோல.

மணி ஆறு ஐம்பது.

செய்ய வேண்டியது ஒன்றுதான். கதவைத் திறந்து, எழுதியது நான், அத்தனையும் பொய், அவளுக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிவிடுவது. முப்பத்திரண்டு வருஷம் கூட வாழ்ந்தவளுக்காக இதைக்கூடச் சொல்ல மாட்டாரா? ஆனால் இது ஏகாம்பரம் போட்ட நாடகமாக இருந்தால்? வருகிறவன் செல்போனில் பதிவு செய்தால் நாளைக்கே டைரக்டர் மேஜையில் இருக்கும். விசாரணை, பென்ஷன். அருக்காணி எப்படி அந்த வரியைச் சொன்னாள்? தூக்கத்தில் உளறியிருப்பார். அப்படித்தான் இருக்க வேண்டும். மனைவியை உள்ளறைக்கு அனுப்பிவிட்டு அவர் கதவருகே நின்றார். தீய்ந்த வாசனை கூடியது.

வாசல் மணி அடித்தது.

நாலு பேர். கம்பளிக் குல்லா, துணிப்பை, தமிழ்ச் சங்க வாசலில் தினமும் பார்க்கிற மாதிரி முகங்கள். யாரும் அவரைப் பார்க்கவில்லை, அவர் காதுக்குப் பக்கத்தில் காலியிடத்தைப் பார்த்தார்கள். அவர் வாயிலிருந்து குளிரில் புகை வந்தது. அவர்கள் வாயிலிருந்து வரவில்லை.

"அருக்காணி கதிரவன் இருக்கறாங்களா?"

முன்னால் நின்றவரின் சட்டைப்பையில் செல்போன். கேமரா வெளியே தெரிந்தது.

"அந்தப் புஸ்தகம்..." என்று ஆரம்பித்தார். கண் கேமராவிலேயே ஒட்டிக்கொண்டது. ஒரு வருஷமாகப் பழகிய வாய் தானாகவே முடித்தது. "நான் அவங்க வீட்டுக்காரர்."

நாலு தலையும் ஒன்றாக ஆடின.

அருக்காணி பின்னாலிருந்து வந்தாள். செருப்பு மாட்டிக்கொண்டாள். "போயிட்டு வாரனுங்க." அவர் அவள் மணிக்கட்டைப் பிடித்தார். இறுக்கிப் பிடித்தார்.

"நீங்கதான் எழுதலைங்களே" என்றார் முன்னால் நின்றவர், ரொம்ப மரியாதையாக.

விரல்கள் பிரிந்தன. கதிரவன் பிரிக்கவில்லை. அவையாகப் பிரிந்தன.

கால் நகரவில்லை. படியில் ஒரே ஒரு ஜோடிச் செருப்புச் சத்தம், இறங்கி இறங்கித் தேய்ந்தது. அது நின்ற பிறகுதான் கால் அவருடையதாயிற்று. பால்கனிக்கு ஓடினார்.

கீழே குவார்ட்டர்ஸ் பூங்கா. விளக்குக் கம்பத்தடியில் ஐந்து பேர்.

"நான்தான் எழுதுனேன்" என்று கத்தினார். தொண்டை கிழியக் கத்தினார். "என் பேரு கதிரவன். நான்தான் எழுதுனேன்."

சுற்றிலும் ஜன்னல்கள் திறந்தன. விளக்குகள் எரிந்தன. இனி ஊருக்கே தெரியும். தெரியட்டும்.

கீழே ஐந்து பேரும் தலையை நிமிர்த்தினார்கள். அவரைப் பார்க்க இல்லை. அவருக்கு மேலே.

பனி இறங்கிக்கொண்டிருந்தது. கலையாமல், மொத்தமாக, அடிப்பக்கம் தட்டையாக. எதிர் மாடியின் தண்ணீர்த் தொட்டிகள் உள்ளே போயின. வேப்பமரத்தின் உச்சி போனது. அதற்குள் எதுவோ மெதுவாகத் திரும்பியது.

அருக்காணி இரண்டு கைகளையும் மேலே நீட்டினாள், தூக்கிக்கொள்ளச் சொல்லும் குழந்தை மாதிரி. வளையல்கள் முழங்கைவரை சரிகிற சத்தம் மூன்றாவது மாடிக்குக் கேட்டது.