கப்பா, லீக்கா?

சுகிர்தாவின் இதய அறுவை சிகிச்சை மறுபடியும் தள்ளிப்போனது. செய்தி எப்போதும் போலச் சமையலறைச் சுவரில் பச்சை எழுத்தில் வந்து நின்றது: "முறிவகை நிகழ்ச்சியுடன் மோதல். ஒத்திவைப்பு. மறுதேதி பின்னர்." எபினேசர் அதைப் படித்துவிட்டு, மனைவி பார்ப்பதற்குள் அழித்துவிடலாமா என்று கையை நீட்டினார். அதற்குள் அவள் பின்னால் வந்து நின்றுவிட்டாள்.

"யாருக்காம்?"

"பஸ் ஆக்சிடென்ட்டு. மூணு பேரைத் தியேட்டருக்குக் கொண்டுபோயிருக்காங்க."

"ஐயோ பாவம். அவங்க பொழைக்கட்டும்," என்றாள் சுகிர்தா.

ஒவ்வொரு தடவையும் இதையேதான் சொல்வாள். மனசாரத்தான் சொல்வாள். எபினேசருக்கு அதுதான் தாங்கவில்லை. குளியலறைக்கும் கூடத்துக்கும் நடுவில் சுவரைப் பிடித்துக்கொண்டு மூச்சு வாங்குகிற ஒருத்தி, தன் முறையை வாங்கிக்கொண்டு போனவர்களுக்காக ஜெபம் பண்ணுகிறாள்.

அந்த நகரத்தில் மனிதர்கள் தேதி கொடுப்பது நின்று வெகுகாலம் ஆயிற்று. கல்யாண மண்டபம், கோர்ட் வாய்தா, தண்ணீர் லாரி, பள்ளிச் சேர்க்கை, அறுவை அரங்கு, கல்லறைக் குழி, எல்லாவற்றுக்கும் நாள்பொருத்திதான் நாள் குறிக்கும். ஒரே இடத்துக்கோ ஒரே ஆளுக்கோ ஒரே நாளில் இரண்டு நிகழ்ச்சிகள் முட்டிக்கொண்டால், தள்ளிவைத்தால் முறிந்துபோகிறது எதுவோ அது முறிவகை. எத்தனை தள்ளினாலும் நீண்டுகொண்டு கிடக்கிறது எதுவோ அது நீள்வகை. முறிவகை நடக்கும், நீள்வகை காத்திருக்கும். அரசாங்கத்தின் இந்த அழகுத் தமிழைத் தெருவில் யாரும் சீண்டவில்லை. தெருவுக்குக் கப்பு, லீக்கு, அவ்வளவுதான். "உன் கேசு கப்பா, லீக்கா?" என்று டீக்கடையில் கேட்டுக்கொள்வார்கள். பிரசவம் கப்பு. மந்திரி பாலம் திறப்பது கப்பு. திறந்த பாலத்தில் விழுந்த ஓட்டையை அடைப்பது லீக்கு.

இந்தக் கப்பும் லீக்கும் எங்கிருந்து வந்தன என்பதை எபினேசரைவிட நன்றாகத் தெரிந்தவர் யாரும் இல்லை. நாள்பொருத்தியைப் பெற்றெடுத்தவரே அவர்தான்.

அப்போது அவர் நகரக் கால்பந்து லீக்கின் செயலாளர். கப் போட்டியில் தோற்றவன் வீட்டுக்குப் போகவேண்டும், ஜெயித்தவன் அடுத்த சுற்றுக்குப் போகவேண்டும். இந்த ஆட்டம் முடியாமல் அடுத்த சுற்றில் யார் யாரோடு மோதுவது என்றே தெரியாது. ஒன்று நின்றால் மொத்தக் கோப்பையும் நிற்கும். லீக் ஆட்டம் அப்படியில்லை. இன்றைக்கு ஆடினாலும் அடுத்த மாதம் ஆடினாலும் ஜெயித்தவனுக்கு அதே மூன்று புள்ளிதான். ஆகையால் இரண்டும் மோதினால் லீக்தான் ஒதுங்கி வழிவிடவேண்டும். அதிலும் ஒரு வம்பு. எந்த அணி கப்பில் எத்தனை சுற்று தாண்டும் என்று சீசன் தொடங்கும்போது ஆண்டவனைத் தவிர யாருக்கும் தெரியாது. ஜெயிக்க ஜெயிக்க அந்த அணியின் லீக் ஆட்டங்கள் பின்னால் குவிந்துகொண்டே போகும்.

ஒரு வருஷம், கஜபதி பயிற்சி கொடுத்த கல்மண்டபம் ரோவர்ஸ் அணிக்கு இதுதான் நேர்ந்தது. கப்பில் ஜெயித்துக்கொண்டே போனார்கள். குவிந்துகிடந்த லீக் ஆட்டங்களையெல்லாம் சீசனின் கடைசி வாரத்தில் தினம் ஒன்றாக ஆடினார்கள். கால் செத்து, வரிசையாகத் தோற்று, கீழ்ப் பிரிவுக்கு இறங்கினார்கள். கோப்பையை மடியில் வைத்துக்கொண்டு அழுத ஆட்டக்காரர்களை எபினேசர் நேரில் பார்த்தார். அந்த வேதனையோடு உட்கார்ந்து எழுதிய கணினி நிரல்தான் நாள்பொருத்தி. அது மோதல்களை வருமுன்னே மோப்பம் பிடித்தது. ஆட்டங்களை அங்கேயும் இங்கேயும் நகர்த்தி, யார் காலும் சாகாமல் சீசனை முடித்துக்கொடுத்தது. சிபாரிசுக்கு மசியாது, லஞ்சம் வாங்காது. அரசாங்கத்துக்கு ஆசை வராமல் இருக்குமா? ஊரையே தூக்கி அதன் கையில் கொடுத்தார்கள். எபினேசருக்குச் சால்வை போர்த்தினார்கள்.

அந்தச் சால்வைக்காரர்தான் அன்று காலை மருத்துவமனையில் டாக்டர் நஸ்ரீனின் எதிரில் கைகளைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருந்தார்.

"மேடமைக் கப்புக்கு மாத்துங்கன்னு கேக்கறீங்க. எனக்கும் ஆசைதான் சார்," என்றார் நஸ்ரீன். "ஆனா அவங்க நிலைமை சீரா இருக்குன்னு நாள்பொருத்தி சொல்லுதே. தள்ளிப்போட்டா தாங்குவாங்களாம்."

"நாலு படி ஏற முடியலம்மா அவளால."

"படி ஏற முடியலன்னா நீள்வகை சார். மூச்சு நிக்கப்போகுதுன்னாதான் முறிவகை." சொன்ன வார்த்தை அவருக்கே கூசியிருக்கவேண்டும். குரலைத் தாழ்த்திக்கொண்டார். "அந்த நிலைமைக்கு வந்தப்புறம் நெஞ்சைத் திறந்தா, பொழைக்க வைப்பேன்னு என்னால வாக்குக் குடுக்க முடியாது. இப்பப் பண்ணினா பயமே இல்ல. அந்த வால்வு மட்டும்தான் கெட்டுப்போயிருக்கு. மத்தபடி நல்ல இதயம்."

"ஒரு நாள் நீங்களா கதவைத் திறந்துவிடக் கூடாதா?"

"தியேட்டர் கதவு தேதியைப் பாத்துத்தான் திறக்கும். சாவின்னு ஒண்ணு யார்கிட்டயும் இல்ல. நீங்கதானே சார் அப்படி வெச்சீங்க?"

நஸ்ரீன் குத்திக்காட்டவில்லை, மரியாதையாகத்தான் சொன்னார். எபினேசருக்கு அது செருப்படியாக விழுந்தது.

சாயங்காலம் கால்போன போக்கில் மைதானத்துக்குப் போனார். கஜபதி படிக்கட்டில் உட்கார்ந்து ஒரு லீக் ஆட்டம் பார்த்துக்கொண்டிருந்தார். தொப்பை விழுந்து, தலை நரைத்துவிட்டது. வாய் மட்டும் அப்படியே இருந்தது.

"இன்னா வாத்தியாரே, மூஞ்சி தொங்கிப்போய்க் கீது? தங்கச்சிக்கு மறுபடியும் தள்ளிட்டானுங்களா?"

எபினேசர் தலையை ஆட்டினார்.

"நான் ஒண்ணு கேக்கறேன். உன் மிஷினு எங்க லீக் மேட்ச்ச எப்போ ஆடவெக்கும்? சீசன் முடியப்போவுது, இதுக்குமேல நாளே இல்லன்னாத்தான? அதுவரிக்கும் தள்ளிக்கினேதான கெடக்கும்? கடைசித் தேதி கிட்ட வந்துச்சுன்னா, மத்ததையெல்லாம் அங்க இங்க நவுத்தி எப்படியாவது எடம் புடிச்சுக் குடுத்துரும். தங்கச்சிக்கு சீசன் முடிவு இன்னா தேதி போட்டுகிறாங்கோ?"

எபினேசருக்கு அப்போதுதான் உறைத்தது. நெற்றியில் அறைந்துகொண்டார்.

யாரும் எந்தத் தேதியும் போடவில்லை. ஊருக்கென்று நாள்பொருத்தியை மாற்றியமைத்தபோது, 'பருவ முடிவு' என்ற கட்டத்தில் மனிதர்களுக்கு என்ன எழுதுவது என்று அதிகாரிகள் கேட்டார்கள். காலியாக விடுங்கள், நன்றாகவே ஓடும் என்று சொன்னவர் இவர்தான். நன்றாகவே ஓடியது. முடிவே இல்லாத சீசனில் ஒரு லீக் ஆட்டத்தை எத்தனை தடவை வேண்டுமானாலும் தள்ளலாம்.

மறுநாள் நஸ்ரீனிடம் ஓடினார். பருவ முடிவுக் கட்டத்தை நிரப்பச் சொன்னதுமே நஸ்ரீனின் முகம் மாறியது.

"அந்தக் கட்டத்தைக் கடைசி வார்டுல மட்டும்தான் சார் நிரப்புவோம். பொழைக்க மாட்டாங்கன்னு தெரிஞ்சவங்களுக்கு. அவங்க பொண்ணு கல்யாணம், வீட்டுப் பத்திரம் எல்லாம் அதுக்குள்ள நடந்துறணுமில்லையா? குடும்பத்துல ஒருத்தர் கைரேகை வெச்சாப் போதும்."

"அப்ப நான் வெக்கறேன்."

"அந்தத் தேதியைத் தாண்டினா என்ன ஆகும்னு எனக்குத் தெரியாது சார். தாண்டினவங்க யாரும் இல்ல."

"சீசன் முடிஞ்சா அடுத்த சீசன் வரும்மா. இதுல பயப்பட என்ன இருக்கு?"

அவர் பொய் சொல்லவில்லை. கஜபதியைக் கேட்டிருந்தாலும் அதையேதான் சொல்லியிருப்பார். வாழ்நாளெல்லாம் கால்பந்தோடு கிடந்தவர்களுக்கு முடிவு என்பது வருஷா வருஷம் வந்துபோகிற விஷயம். வலையைக் கழற்றுவார்கள், புல் வளரும், மறுபடியும் வலையைக் கட்டுவார்கள். எபினேசரின் விரல் யோசிக்கவே இல்லை. லீக் சீசன்கள் எப்போதும் முடிகிற ஆகஸ்ட் கடைசி நாளையே பழக்கதோஷத்தில் எழுதிவிட்டு ரேகை வைத்தார்.

வீட்டுக்கு வருவதற்குள் சுவரில் அறுவை சிகிச்சைக்குத் தேதி வந்துவிட்டிருந்தது. அந்த வாரமே கதவு திறந்தது. நஸ்ரீன் வாக்குத் தவறவில்லை. பழைய வால்வு போய், உலோக வால்வு வந்தது.

அதற்குப் பிறகு வந்த மாதங்களில் எபினேசர் தரையில் நடக்கவில்லை என்றே சொல்லவேண்டும். சுகிர்தா சர்ச் கொயரில் மறுபடியும் பாடினாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை மைதானத்துப் படிக்கட்டின் உச்சிவரைக்கும் ஒரே மூச்சில் ஏறிப்போய் உட்கார்ந்தாள். கீழே நின்ற கஜபதி விசிலடித்தார். அவள் நெஞ்சருகில் காதை வைத்தால் டிக், டிக் என்று சத்தம் கேட்கும். "உள்ள ரெஃப்ரி உக்காந்திருக்காருங்க," என்று சிரிப்பாள். ரத்தம் உறைந்து அந்த உலோகத்தில் ஒட்டாமலிருக்க ஆயுள் முழுக்க மாத்திரை சாப்பிடவேண்டும். அடிக்கடி ரத்தத்தைப் பார்த்து அளவைக் கூட்டிக் குறைக்கவேண்டும். அவ்வளவுதான் தொல்லை.

ஜூலையில், செப்டம்பர் மாதப் பரிசோதனைக்கு அவள் தேதி கேட்டாள். "பருவத்துக்கு வெளியே" என்று சுவர் சொன்னது. அந்த மாத மாத்திரைக்குக் கேட்டாள். பருவத்துக்கு வெளியே. கிறிஸ்துமஸ் கொயர் ஒத்திகைக்கு, அக்கா பேரனின் ஞானஸ்நானத்துக்கு, எதற்குக் கேட்டாலும் அதே பதில். அந்த வாரக் கடைசியில், யாரும் கேட்காத ஒரு தேதி தானாக வந்தது. ஆகஸ்ட் கடைசி நாள். இடம், கல்லறைத் தோட்டம். நிகழ்ச்சி, அடக்கம். வகை, முறிவகை.

எபினேசர் தன் பழைய நிரலைத் திறந்து வரி வரியாகப் படித்தார். அடுத்த சீசனை இயந்திரம் ஒருநாளும் கொண்டுவந்ததில்லை. அவர்தான் கொண்டுவந்திருக்கிறார். வருஷா வருஷம் அணிகள் அவர் அலுவலகத்துக்கு வந்து புதிதாகப் பதிவு செய்துகொள்ளும், அவர் புதிய சீசனைத் தொடங்கிவைப்பார். நிரலைப் பொறுத்தவரையில் புதிய பதிவு இல்லாவிட்டால் புதிய சீசன் இல்லை. மனிதர்களுக்குப் பதிவு என்பது பிறப்பு. சுகிர்தா ஏற்கெனவே பிறந்துவிட்டாள்.

வைத்த தேதியை நீக்கச் சொல்லி மனுப் போட்டார். திருத்த மனு தள்ளிப்போனால் முறிந்துபோகிற சமாச்சாரமா? இல்லை. நீள்வகை. ஒருமுறை இடைத்தேர்தலுக்காகத் தள்ளிப்போனது, இன்னொருமுறை யாருடைய ஜாமீனுக்காகவோ. நஸ்ரீன் தன்னால் ஆனதையெல்லாம் செய்து பார்த்தார். மருந்தறையின் பெட்டி அவர் கைக்குத் திறக்கவில்லை. கஜபதி எங்கேயோ கள்ளத்தனமாக மாத்திரை வாங்கிவந்தார்.

"ரத்தத்தைப் பாக்காம இதைக் குடுக்காதீங்க சார்," என்றார் நஸ்ரீன். "கொஞ்சம் கூடினா மூளையில கசியும். கொஞ்சம் குறைஞ்சா வால்வு அடைச்சுக்கும். நான் எந்த அளவுன்னு சொல்லுவேன்?" அழுதுகொண்டேதான் சொன்னார்.

கடைசியில் மனுவுக்கு ஒரு தேதி நின்றது. ஆகஸ்ட் கடைசி நாள், காலை. சீசன் முடிவதற்குள் பாக்கியை முடித்துவிடவேண்டும் என்ற விதிப்படி அது இடம் பிடித்துக் கொடுத்திருந்தது. அதைப் பார்த்ததும் எபினேசருக்கு, கேட்டால் நம்பமாட்டீர்கள், கொஞ்சம் பெருமைகூட வந்தது. "பாத்தியா சுகி? கடைசி நிமிஷமானாலும் கைவிடாது," என்றார்.

அன்று காலை சுகிர்தா பெட்டியில் மிச்சமிருந்த மாத்திரையைப் போட்டுக்கொண்டாள். ஈஸ்டருக்கு எடுத்த புடவையைக் கட்டிக்கொண்டு, கைப்பையோடு கூடத்தில் தயாராக நின்றாள். எபினேசர் ஷூவுக்குள் காலை நுழைத்துக்கொண்டிருந்தபோது சுவரில் எழுத்து வந்தது. மனுதாரர் தரப்பு ஆளான சுகிர்தாவுக்கு அதே நாளில் முறிவகை நிகழ்ச்சி ஒன்று இருக்கிறது. எனவே நீள்வகையான மனு விசாரணை ஒதுங்குகிறது. பருவத்துக்குள் வேறு நாள் இல்லை.

எபினேசர் அதைத் திரும்பத் திரும்பப் படித்தார். எங்கேயாவது ஒரு பிழை இருக்காதா என்று தேடினார். கப்பும் லீக்கும் மோதினால் லீக்தான் ஒதுங்கவேண்டும். அவர் எழுதியதை அது எழுத்துக்கு எழுத்து நிறைவேற்றியிருந்தது.

வாசலில் ஒரு வண்டி வந்து நின்றது. கறுப்பு வண்டி. ஓட்டுநர் செருப்பை வெளியே கழற்றிவிட்டு, கைகட்டிக்கொண்டு உள்ளே எட்டிப்பார்த்தார்.

"சார், அம்மாவை எங்க வெச்சிருக்கீங்க?"

"நான்தாம்பா," என்றாள் சுகிர்தா.

ஓட்டுநர் தன் கையிலிருந்த தேதிப்பலகையைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். மறுபடியும் பலகையைப் பார்த்தார். நல்ல மனிதர்.

"அவசரமில்லம்மா," என்றார். "இன்னைக்கு எனக்கு இது ஒண்ணுதான் குடுத்திருக்கு." வெளியே போய் வண்டியைப் பக்கத்து வீட்டு நிழலில் நகர்த்தி நிறுத்திவிட்டு, கதவைத் திறந்துவைத்துக்கொண்டு உட்கார்ந்தார்.