ஊமைப்படம்

தோட்டத்தில் மிளகாய் ஆய்ந்துவிட்டு, விரல்களெல்லாம் எரிய எரிய, கௌசலா படலையைத் திறந்தபோது நாய் குரைக்கவில்லை. வெயில் மட்டும் வளவு முழுக்கக் காய்ந்துகொண்டிருந்தது. கிணற்றடியில் ஈக்களின் ரீங்காரம் கேட்டு எட்டிப் பார்த்தாள். நாய் கிடந்தது. அதன் வாயைச் சுற்றிக் கட்டுக்கம்பி இறுகியிருந்தது. பக்கத்தில் கழுத்துத் திருகிய சேவல்.

அவள் புருஷன் விஜிதரன் விசுவமடுவில் கலியாணவீடுகளுக்கு வீடியோ எடுப்பவன். விழா ஒன்றுக்காக, நூறு வருசத்துக்கு முந்தைய ஊமைப்படம் ஒன்றுக்கு இசை சேர்த்துத் தரச்சொல்லி யாரோ கேட்டிருந்தார்கள். பெண்சாதியைச் சந்தேகித்துப் பைத்தியமாகிப்போன ஒருவனின் கதை. இரண்டு மூன்று தரம் பார்த்தவன், பிறகு சோறு தண்ணியும் மறந்து, சன்னல்களைக் கறுப்புத் துணியால் மூடிய அறைக்குள், அந்த வெள்ளை முகங்களுக்கு முன்னாலேயே கிடந்தான். தன் முகத்திலும் பவுடர் அப்பிக்கொண்டான். இசை சேர்க்கவேயில்லை.

"சத்தம்தான் பொய், கௌசி," என்றான் ஒருநாள். "அவையளைப் பார். வாய் அசையுது. ஒரு பொய்யும் வெளியில வரேல்லை."

அதற்குப் பிறகு அவன் பேசவில்லை. மின்விசிறியைக் கழற்றினான். மணிக்கூட்டை உடைத்தான். தாய் இராசேஸ்வரி இருமினால், தன் தலையைச் சுவரில் மோதினான்.

இனி இங்கே இருக்கக்கூடாது. கௌசலா மிளகாய்க் கடகத்தைப் போட்டுவிட்டு உள்ளே ஓடினாள். மாமியின் கட்டில் வெறுமையாக இருந்தது.

"மாமி, எங்கை நிக்கிறியள்? வாங்கோ, அண்ணை வீட்டை போவம்."

விஜிதரனின் அறைக் கதவு நீக்கலாகத் திறந்திருந்தது. பவுடர் வாசம். அதற்கடியில், பச்சை இறைச்சியின் வாசம்.

உள்ளே போனாள்.

திரையின் சாம்பல் வெளிச்சத்தில் மாமி கதிரையில் இருந்தார். கைகள் கட்டப்பட்டிருந்தன. முகம் முழுக்க வெள்ளைப் பவுடர். கண்களைச் சுற்றி மை. நாடியிலிருந்து நெஞ்சுவரை ஏதோ கறுப்பாக வழிந்திருந்தது. கௌசலா தொட்டாள். இளஞ்சூடு.

"மாமி..."

மாமியின் வாய் திறந்தது. உள்ளே நாக்கு இல்லை. ஆனாலும் உதடுகள் அசைந்தன. திரும்பத் திரும்ப. ஓடு பிள்ளை. ஓடு.

பின்னால் தாழ்ப்பாள் விழுந்தது.

விஜிதரன். வெள்ளை முகம். ஒரு கையில் பவுடர் பேணி. மறுகையில் மீன் வெட்டும் கத்தி. மூலையில் கமெரா ஓடிக்கொண்டிருந்தது.

சிரித்தான். மெல்ல, மிக மெல்ல, மாமிக்குப் பக்கத்திலிருந்த வெறுங்கதிரையைக் கத்தி நுனியால் காட்டினான்.